சூட்டில் மஞ்சள், ஆறினால் வெள்ளை

கண்ணு,

உன் கல்யாண அறிவிப்பின் இரண்டாவது ஓலையை இன்று காலை மாதா கோயில் பூசையில் வாசித்தார்கள். உன் பெயர், என் பெயர், செத்துப்போன உன் அம்மாவின் பெயர், பிறகு கோலார் தங்கவயலில் இருக்கும் அந்தப் பெண்ணின் பெயர், அவளைப் பெற்றவர்களின் பெயர். எல்லாம் வாசித்து முடித்து, இந்தக் கல்யாணத்துக்குத் தடை ஏதாவது அறிந்தவர்கள் இருந்தால் வந்து சொல்லக் கடமைப்பட்டவர்கள் என்று சாமியார் வழக்கம்போல ஒரு நிமிஷம் நிறுத்தினார். எத்தனையோ பேருடைய ஓலையை நான் கொட்டாவி விட்டுக்கொண்டே கேட்டிருக்கிறேன். இன்றைக்கு அந்த ஒரு நிமிஷம் என்னால் உட்கார முடியவில்லை. தடை என்று எனக்கு ஒன்றும் தெரியாது. ஆனால் மாப்பிள்ளையைப் பற்றி ஒரு தப்பான சங்கதி ஊருக்கெல்லாம் தெரிந்திருக்கிறது, சரியான சங்கதி தெரிந்தவன் வாயை மூடிக்கொண்டு மூன்றாவது பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறான். பூசை முடிவதற்குள் எழுந்து வீட்டுக்கு வந்துவிட்டேன். அடுத்த ஞாயிறு மூன்றாவது ஓலை. அதற்குள் இந்தக் கடிதம் உன் கையில் இருக்க வேண்டும்.

சுற்றி வளைக்காமல் முதல் பக்கத்திலேயே சொல்லிவிடுகிறேன். பத்துப் பக்கம் எழுதிவிட்டுக் கடைசியில் தைரியம் போய்க் கிழித்துப் போடுகிற ஆள் நான், என்னை எனக்குத் தெரியும். ஏழு வருஷத்துக்கு முன்னால் இன்டர்மீடியட் கெமிஸ்ட்ரி பிராக்டிகல் பரீட்சையில் நீ உப்பைத் தப்பாக எழுதியதற்குக் காரணம் நான். டாக்டர் படிப்பில் உனக்குக் கிடைக்க வேண்டிய இடம் போனதும் என்னால்தான். இது உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். தெரிந்துகொண்டே ஏழு வருஷமாக நாம் இரண்டு பேரும் மழையைப் பற்றியும் சர்க்கரை ஆலையில் உன் வேலையைப் பற்றியும் பேசிக்கொண்டிருக்கிறோம். ஆனால் இதில் உனக்குத் தெரியாதது ஒன்று உண்டு. அது உன் அம்மா சம்பந்தப்பட்டது. போன மாதம் வரைக்கும் எனக்கே தெரியாமல் இருந்தது இன்னொன்று உண்டு. இரண்டையும் எழுதத்தான் உட்கார்ந்திருக்கிறேன். படித்து முடித்ததும் அந்தப் பெண்ணுக்கும் படிக்கக் கொடு. அவள் ஒரு நர்ஸ், நீ டாக்டருக்குப் படிக்கப் போய் கோட்டை விட்டவன் என்று யாராவது அவள் காதில் போட்டிருப்பார்கள். எப்படிக் கோட்டை விட்டாய் என்பதை என் கையெழுத்திலேயே அவள் படிக்கட்டும்.

நான் யார் என்று அவளுக்காகக் கொஞ்சம் சொல்ல வேண்டும். முப்பது வருஷம் மைசூரில் ஒரு காலேஜில் கெமிஸ்ட்ரி லேப் அட்டெண்டராக இருந்தேன். கொள்ளேகாலப் பக்கத்திலிருந்து எட்டாவது படித்துவிட்டு வந்தவன். பாட்டில் துடைப்பது, திராவகம் ஊற்றி வைப்பது, அழுகின முட்டை மாதிரி நாறுகிற அந்த வாயுவைப் பெரிய கண்ணாடிக் குமிழில் தயார் பண்ணிப் பிள்ளைகளுக்குக் கொடுப்பது, இதெல்லாம் என் வேலை. எந்த உப்பு எந்தத் திராவகத்தில் நுரைக்கும், எது நீலமாகும், எது புகையும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவேன். ஏன் நுரைக்கிறது என்று கேட்டால் முழிப்பேன். அந்த ஏன் என்பதைப் படிக்க என் மகனே அதே லேபுக்கு வந்து, நான் துடைத்து வைத்த மேஜையில் நின்றபோது எனக்குக் கொஞ்சம் தலைகால் புரியவில்லை. மற்ற அட்டெண்டர்களிடம் வேண்டுமென்றே உன் பேச்சை எடுப்பேன். அந்தப் பெருமையில்தான் எல்லாம் ஆரம்பித்தது.

நாடு குடியரசான அடுத்த வருஷம் அது. பாஸ்காத் திருநாளுக்கு முந்தின தபசுகாலம் நாற்பது நாளும் பரீட்சைக்குப் படிக்கிற காலமாக வந்து வாய்த்தது. நான் வேலை முடிந்து, தேவராஜ மார்க்கெட்டுக்குப் பின்னால் இருந்த அந்த வரிசை வீட்டுக்கு வருவேன். வாசலில் பூக்கூடைகள் இறங்கிக்கொண்டிருக்கும். வெளிச்சம் போவதற்குள் என்னைப் பிடித்து உட்கார வைத்து நீ பாடம் சொல்லுவாய். "யாருக்காச்சும் சொல்லிக் காட்டினாத்தான் என் மனசுல நிக்குதுங்கப்பா, புரியலைன்னா புரியலைன்னு சொல்லுங்க" என்பாய். வீட்டில் தமிழ், தெருவில் கன்னடம், பரீட்சையில் இங்கிலீஷ். மூன்றையும் கலந்து நீ சொல்ல, ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்தவன் கையைக் கட்டிக்கொண்டு கேட்டேன்.

"ஒவ்வொரு அணுவுக்கும் இத்தனை கைன்னு வச்சுக்குங்கப்பா. ஜிங்குக்கு ரெண்டு கை. குளோரினுக்கு ஒரு கை. அப்ப ஒரு ஜிங்க் எத்தனை குளோரினப் புடிக்கும்?"

"ரெண்டு."

"அதாங்கப்பா வேலன்சி. இதுக்குப் போயி இருபது வருசமா பயந்துட்டு இருந்தீங்களா?"

அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்த உன் அம்மா தலையைத் தூக்காமலே கேட்டாள். "ஒரு கையில உங்கப்பனையும் இன்னொரு கையில உன்னையும் புடிச்சுக்கிட்டு நிக்கறனே, எனக்கு என்ன வேலன்சி கண்ணு?"

நீ சிரித்த சிரிப்பு எனக்கு இன்னும் காதில் இருக்கிறது. அவள் ஆஸ்பத்திரியில் பெண்கள் வார்டில் ஆயாவாக இருந்தாள் என்பது அந்தப் பெண்ணுக்குத் தெரியுமோ என்னவோ. நீ டாக்டராகி அந்த வார்டில் நடந்து வரும்போது பின்னால் தட்டைத் தூக்கிக்கொண்டு தானும் வர வேண்டும் என்பதுதான் அவளுடைய ஆசை. அதை வாயால் சொல்ல மாட்டாள். நர்ஸம்மாவிடம் மட்டும் சொல்லியிருந்தாள் என்று பிறகுதான் எனக்குத் தெரிந்தது.

உப்புகளை மனசில் நிறுத்த அவளும் ஒரு வழி கண்டுபிடித்தாள். மார்க்கெட்டில் மளிகைக் கடையில் கிடைப்பதையெல்லாம் பொட்டலம் பொட்டலமாக வாங்கி வந்து அடுக்கினோம். படிகாரம், மயில்துத்தம், நவச்சாரம், வெடியுப்பு. ஆஸ்பத்திரியில் அவள் தினம் பார்க்கிற இரண்டையும் சேர்த்துக்கொண்டோம். ஒன்று பேதியுப்பு, உங்கள் பாஷையில் மக்னீசியம் சல்பேட். இன்னொன்று கண் கழுவுகிற மருந்துக்குக் கரைக்கிற உப்பு, அது ஜிங்க் சல்பேட். பார்வைக்கு இரண்டும் ஒரே மாதிரி, கண்ணாடி ஊசி போல வெள்ளையாக இருக்கும். நீ பெயரைச் சொன்னால் அவள் கையால் காட்டுவாள். படிகாரம் என்றால் சவரம் பண்ணின கன்னத்தைத் தடவுவாள். ஜிங்க் சல்பேட் என்றால் கண்ணைத் தொடுவாள். மக்னீசியம் சல்பேட் என்றால் வயிற்றைப் பிடித்துக்கொண்டு முகத்தைச் சுளிப்பாள். ஒருநாள் நீ பெயரே சொல்லாமல், ஒரு உப்பின் குணத்தை மட்டும் சொன்னாய், அவள் சரியாகக் கையைக் கொண்டுபோய் வைத்தாள். மூன்று பேரும் சேர்ந்து ஒரு பரீட்சைக்குப் படித்த வீடு மைசூரில் அந்த வருஷம் நம் வீடாகத்தான் இருக்கும்.

உப்பைக் கண்டுபிடிக்கிற வரிசையை நீ எனக்கு விளக்கிய சாயங்காலத்தை நான் மறக்கவே மாட்டேன். ஒவ்வொரு வகுப்பாக இறங்க வேண்டும். முதலில் இந்தத் திராவகம், அதில் எதுவும் அடியில் படியாவிட்டால் அடுத்தது, அதிலும் படியாவிட்டால் அதற்கடுத்தது. திராவகம் புளிப்பாக இருக்கும்வரை ஜிங்க் கரைந்தே கிடக்கும், அம்மோனியா விட்டு அந்த நாற்ற வாயுவைச் செலுத்தும்போதுதான் நாலாவது வகுப்பில் வெள்ளையாகப் படியும். மக்னீசியம் எல்லாவற்றுக்கும் கடைசி. மேலே இருக்கிற எதுவும் இல்லை என்று தெரிந்த பிறகுதான் அதைத் தேடவே வேண்டும். "அவசரப்பட்டா மாட்டிக்குவோங்கப்பா. ஒவ்வொண்ணும் அது அது படியற நேரத்துலதான் படியும்" என்றாய். அதையே இருபது வருஷத்துக்கு மேல் தினமும் பார்த்துக்கொண்டிருந்தவனுக்கு அன்றைக்குத்தான் விஷயம் உறைத்தது. பதிலுக்கு நான் உனக்குச் சொல்லிக்கொடுத்தது ஒன்றே ஒன்று. "கண்ணு, கண்ணால பாத்தத எழுது. மனசுல நெனச்சத எழுதாத. அடுத்தவன் என்ன எழுதறான்னு எட்டிப் பாக்காத. பரீட்சையில தோத்தவன்ல பாதிப் பேரு சரியாப் பாத்துட்டுத் தப்பா எழுதினவன்தான்." நான் சொன்னதை எழுதி உன் நோட்டின் முதல் பக்கத்தில் ஒட்டிவைத்தாய். இப்போது அதை நினைத்தால் எனக்கு என்னையே காறித் துப்ப வேண்டும்போல் இருக்கிறது.

பிராக்டிகலுக்கு முந்தின நாள் டெமான்ஸ்ட்ரேட்டர் முன்னிலையில் உப்புகளைச் சின்னக் கண்ணாடிக் குழாய்களில் நிரப்பி எண் ஒட்டியவன் நான்தான். புரொபசர் என்னைக் கூப்பிட்டு, உன் மகன் நாளைக் காலை பேட்சில் இருக்கிறானே, நீ லீவு எடுத்துக்கொள் என்றார். நான் கேட்கவில்லை. வாயு தயார் பண்ணுவதற்கு என்னை விட்டால் ஆள் கிடையாது சார் என்றேன். அது பொய்யில்லை. ஆனால் உண்மையும் அதுவல்ல. நீ நல்லபடியாக எழுதுவதை என் கண்ணால் பார்க்க வேண்டும் என்ற ஆசை. அவர் சரி என்றார். என்னை அவ்வளவு நம்பினார்.

காலையில் நான் கொல்லைப் பக்கம் வாயுக் குமிழில் திராவகம் நிரப்பிக்கொண்டிருந்தபோது, வெளியூரிலிருந்து வந்த பரீட்சகர் எண் சீட்டுகளையெல்லாம் கழற்றிக் கலைத்து மாற்றி ஒட்டச் சொல்லியிருக்கிறார். எச்சரிக்கையுள்ள மனுஷர், அவர்மேல் ஒரு குற்றமும் இல்லை. எனக்கு அது தெரியாது. உனக்குப் பதினேழாம் எண் வந்தது. முந்தின நாள் பதினேழில் நான் போட்டது பேதியுப்பு. ஒன்றரை மணி நேரம் நான் உன் பக்கமே திரும்பவில்லை, இது சத்தியம். பிறகு ஒருமுறை திரும்பினேன். எல்லாப் பிள்ளைகளும் ஊதிக்கொண்டும் ஊற்றிக்கொண்டும் பரபரத்துக்கொண்டிருக்க, நீ மட்டும் கையில், உப்பை வைத்து ஊதிச் சுடுகிற கரித்துண்டை வைத்துக்கொண்டு அதையே பார்த்தபடி அசையாமல் நின்றாய். எழுதவுமில்லை, எதையும் எடுக்கவுமில்லை. பிள்ளைக்கு எல்லாம் மறந்துபோய்விட்டது, முழிக்கிறான் என்று நினைத்தேன். அந்த நேரத்தில் உன் அம்மா அரிசித் தட்டோடு உட்கார்ந்திருப்பதுதான் கண்ணில் வந்தது. தண்ணீர் பாட்டிலை நிரப்புகிறவன் மாதிரி உன் மேஜைக்கு வந்தேன். நீ நிமிர்ந்து பார்த்தாய். நான் என் கையை வயிற்றில் வைத்தேன்.

நீ உடனே குனியவில்லை. என்னைப் பார்த்தாய், கரித்துண்டைப் பார்த்தாய், மறுபடியும் என்னைப் பார்த்தாய். நான் கையை எடுக்கவில்லை, இன்னும் அழுத்திக்கொண்டேன். அதற்குப் பிறகு நீ தாளை எடுத்து எழுதினாய். மகனைக் காப்பாற்றிவிட்டேன் என்று நிம்மதியோடு நான் அந்தப் பக்கம் போனேன்.

சாயங்காலம் குழாய்களைக் கழுவும்போது, மேஜைமேல் வைத்திருந்த புதிய பட்டியலைப் பார்த்தேன். பதினேழுக்கு நேராக ஜிங்க் சல்பேட் என்று இருந்தது. அந்தக் குழாயைக் கழுவாமல் எவ்வளவு நேரம் கையில் வைத்துக்கொண்டு நின்றேனோ தெரியாது. வீட்டுக்கு வந்தபோது நீ வாசலில் நின்றிருந்தாய். எப்படிச் செய்தாய் என்று நான் கேட்கவில்லை, நீயும் சொல்லவில்லை. அப்போதே புரொபசர் வீட்டுக்குப் போய்க் காலில் விழுந்திருக்க வேண்டும். என் வேலை போயிருக்கும், உன்னையும் பரீட்சையிலிருந்து தள்ளி வைத்திருப்பார்கள் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். அதோடு இன்னொரு சமாதானமும் சொல்லிக்கொண்டேன். அதைத்தான் ஏழு வருஷமாகப் பிடித்துக்கொண்டு தொங்கினேன். பிள்ளை எப்படியும் முழித்துக்கொண்டுதானே நின்றான், நான் காட்டாவிட்டாலும் அவனுக்கு விடை வந்திருக்காது, நான் கெடுத்தது ஒன்றுமில்லை, உதவப் போய் உதவ முடியாமல் போனது, அவ்வளவுதான் என்று.

ரிசல்ட் வந்தபோது நீ தேறியிருந்தாய். மற்ற எல்லாவற்றிலும் நல்ல மார்க்கு. கெமிஸ்ட்ரி பிராக்டிகலில் மட்டும் அடி வாங்கியிருந்தாய். டாக்டர் படிப்புக்கு எடுத்தவர்களின் பட்டியல் கொஞ்ச மார்க்கு வித்தியாசத்தில் உனக்கு மேலேயே முடிந்துபோயிற்று. அன்றைக்கு மத்தியானம் மூன்று பேரும் சாப்பிட உட்கார்ந்தோம். உன் அம்மா சோற்றைப் போட்டுவிட்டு, கரண்டியைக் கீழே வைக்காமல் கேட்டாள்.

"எதுல போச்சு?"

"பிராக்டிகல்லங்கம்மா. உப்பத் தப்பா எழுதிட்டேன்."

"எந்த உப்பு?"

"கண்ணு மருந்து உப்பு. அதப் பேதியுப்புன்னு எழுதிட்டேன்."

அவள் சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால் தேவலை. "கண்ணுல விடறதுக்கும் வயித்துக்குக் குடுக்கறதுக்கும் வித்தியாசம் தெரியாத கையா உன் கை? நீ டாக்டராகாததே நல்லதாப் போச்சு. எந்தப் பொம்பளைக்கு எதக் குடுத்துக் கொன்னிருப்பியோ" என்றாள். நீ தட்டைப் பார்த்துக்கொண்டு, "ஆமாங்கம்மா, கவனமில்லாமப் போச்சு" என்றாய். உன் கண் ஒரு தடவைகூட என் பக்கம் திரும்பவில்லை. நான் என்ன செய்தேன் தெரியுமா கண்ணு? மோர் கேட்டேன். கொஞ்சம் மோர் ஊத்து என்று அவளிடம் தட்டை நீட்டினேன். அவள் ஊற்றினாள், நான் பிசைந்து சாப்பிட்டேன். அதற்குப் பிறகு அவள் பொட்டலங்களையெல்லாம் எடுத்துக் குப்பையில் போட்டாள். நீ மண்டியாப் பக்கம் சர்க்கரை ஆலையில் கரும்புச்சாறு சோதிக்கிற வேலைக்குப் போனாய். நீ மாசத்துக்கு ஒருமுறை வருவாய், அவள் உனக்குப் பிடித்ததைச் சமைப்பாள், ஆனால் பழைய மாதிரி வாயாடியதே இல்லை. அணுவுக்குக் கையிருக்கிறது என்று நீ சொன்னதை நினைத்துக்கொள்வேன். எங்கள் இரண்டு பேரையும் பிடித்திருந்தவள் ஒரு கையை விட்டுவிட்டாள். விட வேண்டிய கை என்னுடையது.

இனி எழுதுவது உனக்குத் தெரியாதது. அவள் கடைசியாகக் காய்ச்சலில் படுத்திருந்தாள் அல்லவா, அவள் வேலை பார்த்த அதே வார்டில். நீ சேதி கேட்டுக் கிளம்பி வந்துகொண்டிருந்தாய். மத்தியான நேரம். மற்ற ஆயாக்கள் சாப்பிடப் போயிருந்தார்கள். நான் அவள் பக்கத்தில் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தேன். தெளிவாகப் பேசினாள். "ஏனுங்க, ரெண்டு வருசமா ஒண்ணு எனக்கு இடிச்சுக்கிட்டே இருக்குதுங்க. நம்ம பையனுக்கு அந்த உப்புத் தெரியாமப் போச்சுன்னு என்னால நம்ப முடியல. நான் கண்ணத் தொட்டா, கேக்கறதுக்கு முன்னாடியே பேரச் சொல்லுவானே. அன்னிக்கு நீங்களும் அங்கதான இருந்தீங்க. உங்களுக்கு ஏதாச்சும் தெரியுமுங்களா?"

எனக்கு எதிரில் அவள் முகம் இருந்தது. வேறு யாரும் இல்லை. ஒரே ஒரு வார்த்தை சொன்னால் போதும். "எனக்கென்ன தெரியும், நான் என் வேலையைப் பாத்துக்கிட்டு இருந்தேன்" என்றேன். அவள், "அப்ப நான் சொன்னது சரிதான் போல. ஆனாலும் அந்தப் பேச்சு பேசியிருக்க வேண்டாம்" என்று சொல்லிக் கண்ணை மூடிக்கொண்டாள். நீ வந்து சேர்ந்தபோது அவளுக்கு நினைவில்லை. அம்மா எனக்கு ஏதாவது சொன்னாங்களா என்று நீ கேட்டாய். ஒன்றும் சொல்லவில்லை என்றேன். அதுவும் பொய். ஒவ்வொரு வருஷமும் பாஸ்காவுக்கு முன்னால் சாமியாரிடம் பாவசங்கீர்த்தனம் பண்ணப் போய், கோபப்பட்டேன், பொறாமைப்பட்டேன் என்று சில்லறைப் பாவங்களையெல்லாம் ஒப்பித்துவிட்டு இதை மட்டும் தொண்டையிலேயே வைத்துக்கொண்டு திரும்பி வந்திருக்கிறேன்.

போன மாதம் எனக்கு ஓய்வு கொடுத்தார்கள். மாலை போட்டு, காப்பி கொடுத்து, நல்லதாக நாலு வார்த்தை பேசினார்கள். எல்லோரும் போன பிறகு புரொபசர் என்னைத் தராசு அறைக்குக் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார். அவரும் தலை நரைத்துத் தளர்ந்துவிட்டார். "நோடப்பா, இத்தனை நாள் நீ என் கீழே வேலை பார்த்தாய், கேட்கக் கூடாது என்று இருந்தேன். இனிமேல் கேட்கலாம்" என்று கன்னடத்தில் ஆரம்பித்தார். மீதியை நான் தமிழில் எழுதுகிறேன். உன் மகனுடைய விடைத்தாளைத் திருத்தியது நான்தான், என்றார். அதில் முதல் வகுப்பிலிருந்து ஒவ்வொன்றாக முறைப்படி செய்திருந்தான். நாலாவது வகுப்பில் வெள்ளையாகப் படிந்தது என்று எழுதியிருந்தான். கரித்துண்டில் ஊதிப் பார்த்தபோது சூட்டில் மஞ்சள், ஆறினால் வெள்ளை என்று எழுதியிருந்தான். கீழே ஜிங்க் சல்பேட் என்று முடிவும் எழுதியிருந்தான். பிறகு அந்த ஒரே வரியை மட்டும் கோடு போட்டு அடித்துவிட்டு, பக்கத்தில் மக்னீசியம் சல்பேட் என்று எழுதியிருந்தான். நான் வாத்தியாராக இருந்த இத்தனை வருஷத்தில் இப்படி ஒரு தாளைப் பார்த்ததில்லை, என்றார். அவனுக்கு யாராவது ஏதாவது சொன்னார்களா, என்று கேட்டார்.

நான் நின்றபடி அழுதேன். அவர் மேற்கொண்டு கேட்கவில்லை. "அன்றைக்கே எனக்குப் புரிந்தது. கேட்டிருந்தால் இரண்டு பேரையும் தொலைத்திருப்பேன்" என்று மட்டும் சொல்லிவிட்டுத் தராசு மேல் துணியைப் போட்டு மூடினார்.

வீட்டுக்கு நடந்து வரும்போது வழியில்தான் எனக்கு அது உறைத்தது. நடுத்தெருவில் நின்றுவிட்டேன், ஒரு டாங்கா வண்டிக்காரன் திட்டிக்கொண்டே போனான். நீ அன்றைக்கு முழித்துக்கொண்டு நிற்கவில்லை. ஜிங்கைக் கரியில் வைத்து ஊதினால் சூடாக இருக்கும்போது மஞ்சளாக இருக்கும், ஆறிய பிறகுதான் வெள்ளையாகும். ஆறும் வரைக்கும் கையில் வைத்துக்கொண்டு சும்மா நிற்பதைத் தவிர வேறு வேலை கிடையாது. முப்பது வருஷத்தில் எத்தனை பிள்ளைகள் அப்படி நின்றதைப் பார்த்திருப்பேன். ஊரார் பிள்ளை நின்றால், ஜிங்க் ஆறுவதற்குக் காத்திருக்கிறான் என்று ஒரு பார்வையில் எனக்குத் தெரியும். என் பிள்ளை நின்றபோது மட்டும், அவனுக்கு ஒன்றும் தெரியவில்லை என்று நினைத்தேன். உன்னைப் பற்றி ஊரெல்லாம் பெருமை பேசினேன், உள்ளுக்குள் உன்னை நான் நம்பவில்லை. அந்தக் கரித்துண்டில் விடை என் கண்ணெதிரே இருந்தது, நான் உன் முகத்தை மட்டும்தான் பார்த்தேன்.

நீ என்னை நம்பினாய். அதுதான் எனக்குத் தாங்கவில்லை. கண்ணுக்கு முன்னால் வெள்ளை இருக்க, அப்பா சொன்னால் அப்பாவுக்குத் தெரிந்துதான் இருக்கும் என்று எழுதிவிட்டாய். யாருடைய விடையையோ திருடி எழுதுகிறவன் மேலே இருக்கிறதையும் அதற்கு ஏற்ற மாதிரி மாற்றி எழுதுவான். நீ ஒரு எழுத்தைக்கூட மாற்றவில்லை. நான் சொல்லிக்கொடுத்தபடி கண்ணால் பார்த்ததையெல்லாம் அப்படியே வைத்துவிட்டு, கடைசி வரியை மட்டும் எனக்குக் கொடுத்தாய். அதற்குப் பிறகு அம்மா கேட்டபோதும் பழியை நீயே வாங்கிக்கொண்டாய். அவள் வாயிலிருந்து அந்தப் பேச்சைக் கேட்டுவிட்டு, நான் மோர் கேட்டதையும் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாய். உனக்கு அப்போது வயது பத்தொன்பது.

கல்யாணம் பண்ணிக்கொள்ளப் போகிறவனுக்குத் தகப்பன் நாலு புத்தி சொல்ல வேண்டும் என்பார்கள். எனக்கு அந்த யோக்கியதை இல்லை, ஆனாலும் இந்த ஒன்றை மட்டும் சொல்லிக்கொள்கிறேன். தப்பு செய்துவிட்டால் அன்றைக்குச் சாயங்காலமே அவளிடம் சொல்லிவிடு. திட்டுவாள், அழுவாள், இரண்டு நாள் பேச மாட்டாள், ஆனால் இருப்பாள். நான் ஒத்திப்போட்டு ஒத்திப்போட்டு, இப்போது சொல்லும்போது கேட்க வேண்டியவள் மண்ணுக்குள் இருக்கிறாள்.

சனிக்கிழமையே வந்துவிடு. அந்தப் பெண்ணுக்கு லீவு கிடைத்தால் அவளையும் கூட்டிக்கொண்டு வா. ஞாயிறு காலை ஓலை வாசிப்பதற்கு முன்னால் மூன்று பேரும் கல்லறைக்குப் போவோம். அம்மாவிடம் நான் சொல்ல வேண்டும், அவள் பையனுக்கு அந்த உப்பு தெரியும், எப்போதும் தெரியும் என்று. தனியாகப் போய் இரண்டு தடவை நின்று பார்த்துவிட்டேன். வாய் வரவில்லை. நீ பக்கத்தில் நிற்க வேண்டும். எனக்கு நேரம் ஆகும், கண்ணு. ஒன்றும் பேசாமல் நான் நின்றுகொண்டே இருந்தால், இவனுக்கு ஒன்றும் வராது என்று நினைத்து நீ எனக்காகச் சொல்லிவிடாதே. காத்திரு.

உன் அப்பா